பாக் 3சி மவுத்பீஸ் ரிவ்யூ: உதட்டுக்கு என்ன செய்யும், என்ன செய்யாது

முதல்லயே சொல்லிடறேன், பாக் கம்பெனியோட இந்த 3சி, ட்ரம்பெட்ல உதடு வச்சு ஊதுற முனை, நல்ல மவுத்பீஸ், காசு குடுத்து தாராளமா வாங்கலாம். ஆனா ஹை நோட் வரலன்னு இத வாங்கப் போறீங்கன்னா கொஞ்சம் நில்லுங்க, முழுசா படிச்சிட்டு அப்புறம் முடிவு பண்ணுங்க. ஏன்னா சர்ச் பேண்ட்லயும் சரி கல்யாண பேண்ட் செட்லயும் சரி, மவுத்பீஸ் மாத்துனா மேல ஏறிடலாம்ங்கிற நம்பிக்கை நம்ம ஆளுங்ககிட்ட ரொம்ப ஆழமா இருக்கு, அத நம்பி ஒண்ணு மாத்தி ஒண்ணு வாங்கிட்டே இருக்காங்க, உதடு மட்டும் நின்ன இடத்துலயே நிக்குது.

நான் எங்க ஊரு சர்ச் பேண்ட்ல ட்ரம்பெட் ஊதுறேன், கிறிஸ்துமஸ், ஈஸ்டர், அசனப் பண்டிகை, நடுவுல தெரிஞ்சவங்க கல்யாண ரிசப்ஷன். ட்ரம்பெட் யமஹா 2330, அதோட பெட்டியிலேயே வர்ற மவுத்பீஸ் 11பி4, பாக் கணக்குல சொன்னா 7சிக்கு பக்கத்துல வரும். அதுலதான் ரொம்ப காலம் ஊதினேன், அப்புறம் 3சி வாங்கி இப்ப ஒரு வருஷத்துக்கு மேல ஆச்சு. பக்கத்துல நிக்கிற தம்பிகிட்ட அசல் பாக் 7சி இருக்கு, அதையும் வாங்கி மாத்தி மாத்தி ஊதிப் பாத்துட்டுதான் எழுதுறேன்.

இந்த நம்பர் விஷயத்துல நிறைய பேருக்கு குழப்பம் இருக்கு, அத முதல்ல பாத்துடுவோம். பாக்ல நம்பர் சின்னதாக ஆக கப்போட, உதடு வைக்கிற அந்த கிண்ணத்தோட, வாய் அகலமாகும், அதாவது 1 பெருசு, 7 அத விட சின்னது, 10 இன்னும் சின்னது. பின்னாடி வர்ற எழுத்து கப்போட ஆழம், ஏ ரொம்ப ஆழம், போகப் போக மேலோட்டமாகும், சி நடுவுல. யமஹாவுல எல்லாம் தலைகீழ், நம்பர் பெருசானா வாயும் பெருசு, எழுத்து ஏ வந்தா மேலோட்டம், ஈ வந்தா ஆழம், கடைசி நம்பர் ரிம், அதாவது உதட்டுல படற விளிம்போட ஷேப்புக்கு. இது தெரியாம யமஹா 11பி4ல இருந்து பெருசுக்கு போறேன்னு பாக் 10½சி வாங்கி வச்சிருக்கிற பசங்கள நானே பாத்திருக்கேன், பாவம். 11பி4ல இருந்து பெருசுக்கு போகணும்னா யமஹாவுலயே 14பி4, அது பாக் 3சிக்கு பக்கத்துல வரும்.

சரி 7சிக்கும் 3சிக்கும் எவ்வளவு வித்தியாசம்னு கேட்டலாக் பாத்தீங்கன்னா 7சி உள்விட்டம் 16.20 மில்லிமீட்டர், 5சி 16.25, 3சி 16.30. அவ்வளவுதான், ஒரு மில்லிமீட்டர்ல பத்துல ஒரு பங்கு. 1½சி போனாதான் 17.00னு பெரிய தாவல். யமஹா 11பி4க்கு 16.46னு போட்டிருப்பாங்க, அப்ப அது 3சிய விட பெருசான்னு கேட்டா அப்படி எடுத்துக்க முடியாது, கப்புக்குள்ள எந்த ஆழத்துல அளக்குறாங்கங்கிறத பொறுத்து இந்த எண் மாறும், கம்பெனிக்கு கம்பெனி அது வேற. அதனால ஒரே கம்பெனிக்குள்ள மட்டும் நம்பர வச்சு ஒப்பிடுங்க, கம்பெனி விட்டு கம்பெனி போனா உதட்டுல வச்சுப் பாத்தாதான் தெரியும்.

பத்துல ஒரு பங்குக்கா இவ்வளவு பேச்சுன்னு தோணும். உதடு அத உணருது, அதுல சந்தேகமே இல்ல, ஆனா நீங்க உணர்றதுல பெரும்பங்கு விட்டம் கிடையாது, ரிம்மு. 7சியோட உள் விளிம்பு கொஞ்சம் கூர்மையா இருக்கும், உதட்ட பிடிச்ச மாதிரி நிக்கும், அட்டாக், அதாவது நோட் ஆரம்பிக்கிற அந்த நொடி, சுத்தமா டக்குனு வரும். 3சில அந்த விளிம்பு அவ்வளவு கடிக்காது. ரொம்ப நேரம் ஊதுனா இதுதான் பெரிய வித்தியாசம். கிறிஸ்துமஸ் சமயம் ராத்திரி கேரல் ரவுண்ட்ஸ் போறப்போ வீடு வீடா ஊதிட்டே போவோம்ல, அப்ப கடைசி தெருவுக்கு வர்றப்போ 11பி4ல உதட்டுல வட்டமா தழும்பு விழுந்து மரத்துப் போயிருக்கும், 3சில அது கணிசமா கம்மி. சவுண்டும் ஒரு சுத்து தடிமனா இருக்கு, நடு ரேஞ்ச்ல, அதாவது கீழ ஜில இருந்து, நோட் எழுதுற அஞ்சு கோட்டு ஸ்டாஃபுக்கு மேல இருக்கிற ஜி வரைக்கும், கீர்த்தனை மெலடி ஊதுறப்போ குரல் மாதிரி வருது. அல்டோ கூடவும் ட்ராம்போன் கூடவும் சேர்ந்து நல்லா கலக்குது. இது எல்லாத்துக்கும் அஞ்சு ஸ்டார்.

இத செஞ்ச மனுஷனப் பத்தி ரெண்டு வரி சொல்லணும், ஏன்னா அதுலயே விஷயம் இருக்கு. வின்சென்ட் பாக், 1890ல ஆஸ்திரியாவுல வியன்னா பக்கம் பாடன்ல பொறந்தவரு, இன்ஜினியரிங் படிச்சிட்டு ட்ரம்பெட் பக்கம் போனவரு, 1914ல அமெரிக்கா வந்து பாஸ்டன் சிம்பொனில ஊதினாரு. அவருக்கு பிடிச்ச மவுத்பீஸ ரிப்பேருக்கு குடுத்தப்போ அது கெட்டுப் போச்சு, அதே மாதிரி இன்னொண்ணு கிடைக்கல, சரி நானே செய்யறேன்னு 1918ல நியூயார்க்ல ஒரு லேத் வச்சு ஆரம்பிச்சதுதான் இந்த கம்பெனி. அப்புறம் ட்ரம்பெட்டும் செய்ய ஆரம்பிச்சாரு, 1961ல செல்மருக்கு வித்துட்டாரு, இப்ப இந்தியானா மாநிலத்துல எல்கார்ட்ங்கிற ஊர்ல ஓடுது. யோசிச்சுப் பாருங்க, சிம்பொனில ஊதுற தேர்ந்த ஆளு, அவருக்கே தன் உதடு பழகுன ரிம் போனதும் அதே மாதிரி வேணும்னு தவிப்பு வந்திருக்கு. உதட்டுக்கு ஒத்துப்போற ரிம் எவ்வளவு முக்கியம்னு இதுக்கு மேல நான் சொல்ல வேண்டியது இல்ல.

இப்ப முக்கியமான விஷயத்துக்கு வர்றேன், எம்பஷூர். பேண்ட்காரங்க பாஷைல உதடு செட்டிங். இது புரியாம எந்த மவுத்பீஸ் ரிவ்யூவும் உபயோகம் இல்ல.

நாதஸ்வரத்துல சீவாளி துடிச்சுதானே சத்தம் வருது, ட்ரம்பெட்ல சீவாளியே கிடையாது, உங்க ரெண்டு உதடும்தான் சீவாளி. காத்து உதட்டுக்கு நடுவுல போறப்போ உதடு திறந்து மூடி திறந்து மூடி துடிக்குது, அந்த துடிப்ப கிட்டத்தட்ட 148 செண்டிமீட்டர் நீளக் குழாய் எடுத்து பெருசாக்குது. பி ஃப்ளாட் ட்ரம்பெட்ல எதையும் அழுத்தாம கீழ சி ஊதுறீங்கன்னா உதடு ஒரு செகண்டுக்கு சுமார் 233 தடவ துடிக்குது, நடு சிக்கு 466, ஸ்டாஃபுக்கு மேல இருக்கிற ஹை சிக்கு 932. வால்வு மூணு இருக்கு, ரெண்டாவது அரை ஸ்வரம் இறக்கும், முதலாவது ஒரு ஸ்வரம், மூணாவது ஒன்றரை. எப்படி மாத்தி அழுத்துனாலும் குழாய்க்கு ஏழு நீளம்தான் கிடைக்கும். ஏழு நீளத்துல மொத்த ரேஞ்சும் எப்படி வருது? வால்வே தொடாம அதே குழாய்ல சி, ஜி, சி, ஈ, ஜி, அப்புறம் கொஞ்சம் இறங்கி நிக்கிற ஒரு பி ஃப்ளாட், அதுக்கு மேல சின்னு ஏறிட்டே போகும், இதுல எத எடுக்கணும்னு முடிவு பண்றது விரல் இல்ல, உதடும் காத்தும். கீபோர்ட்ல இருந்து ட்ரம்பெட்டுக்கு வர்றவங்க முதல்ல திணர்றது இந்த இடத்துலதான்.

அந்த உதடு எப்படி இருக்கணும்? வாயச் சுத்தி வளையமா ஒரு தசை இருக்கு, அதோட ரெண்டு கன்னத்துப் பக்கத்துல இருந்தும் தசைங்க வந்து வாயோட ஓரத்துல சேருது. அந்த ரெண்டு ஓரமும் இறுக்கமா நிக்கணும், நடுவுல மவுத்பீஸ் உக்கார்ற இடம் தளர்வா இருக்கணும், தாடை கொஞ்சம் தட்டையா, சுருக்கம் விழாம. ம்னு சொல்றப்போ உதடு எப்படி சேருதோ அந்த நிலை, அங்க இருந்து ஓரத்த உள் பக்கமா பிடிச்சுக்கோங்க. சிரிக்கிற மாதிரி ரெண்டு பக்கமும் இழுத்தா உதடு மெலிஞ்சிடும், மேல ரெண்டு நோட் சட்டுனு கிடைக்கும், சவுண்டு கீச்சுனு ஆகும், பத்து நிமிஷத்துல உதடு செத்துடும். எங்க மாஸ்டர் இதப் பாத்தா உடனே நிறுத்திடுவாரு, "ஏ தம்பி, போட்டோவுக்கா நிக்க? ஓரத்தப் பிடி, நடுவ விடு, காத்து போகட்டும்"பாரு. அந்த மூணு வார்த்தைதான், ஓரம், நடு, காத்து.

மேல போகப் போக உதட்டு நடுவுல இருக்கிற திறப்பு சின்னதாகணும், காத்து வேகமாகணும், நாக்கு உள்ளுக்குள்ள கொஞ்சம் மேல ஏறும், ஆன்னு இருந்தது ஈன்னு ஆகுற மாதிரி. இதுல எதுவும் கையால செய்யற வேலை கிடையாது. ஆனா நம்மள்ல நிறைய பேரு என்ன பண்றோம், நோட் மேல போனதும் இடது கை தானா ட்ரம்பெட்ட முகத்தோட இழுத்து அமுக்குது. அமுக்கினா திறப்பு சின்னதாகும், அது உண்மை, அதனால நோட் வந்துடும், அதான் இந்த பழக்கம் போக மாட்டேங்குது. ஆனா பல்லுக்கும் ரிம்முக்கும் நடுவுல மாட்டுன உதட்டுக்கு ரத்தம் போகாது, துடிக்க வேண்டிய இடம் துடிக்க முடியாது, அதுக்கு இன்னும் அமுக்கணும், ஊர்வலம் பாதி தூரம் போறதுக்குள்ள கீழ சி கூட வராது. பேண்ட் செட்ல இது ரொம்ப அதிகம், அதுக்கு காரணமும் இருக்கு, ட்ரம்ஸுக்கும் பட்டாசுக்கும் நடுவுல தெருவுல நடந்துகிட்டே சத்தமா ஊதணும், யாரும் ரெஸ்ட் குடுக்க மாட்டாங்க. அந்த அண்ணங்க உழைப்ப நான் குறை சொல்ல மாட்டேன், அந்த சூழ்நிலைல உதடு கெட்டுப் போகுதேங்கிற வருத்தம்தான்.

விளையாட்டா எடுத்துக்க வேண்டாம், பெரிய ஆளுங்களையே இது விட்டு வைக்கல. ஜாஸ் ட்ரம்பெட் மேதை லூயி ஆர்ம்ஸ்ட்ராங்குக்கு 1930கள்ல உதடு கிழிஞ்சு மாசக்கணக்குல ஊதாம இருக்க வேண்டியதாச்சு, வாயச் சுத்தி இருக்கிற அந்த வளையத் தசை கிழியறதுக்கு டாக்டருங்க அவரோட செல்லப் பேர வச்சே சாச்மோ சிண்ட்ரோம்னு பேரு வச்சிருக்காங்க. ஃப்ரெடி ஹப்பர்ட், ஜாஸ்ல அவ்வளவு பலமா ஊதுன ஆளு, 1992ல மேல் உதடு கிழிஞ்சது, அதோட ஊதிட்டே இருந்ததுல இன்ஃபெக்‌ஷன் ஆகி, அதுக்கப்புறம் பழைய ஃப்ரெடி திரும்பி வரவே இல்ல. அவரோட 60கள் ரெக்கார்டிங்க கேட்டுட்டு கடைசி காலத்து ரெக்கார்டிங்க கேட்டா மனசு கனத்துப் போகும்.

இப்ப 3சி இதுல எங்க வருதுன்னு பாருங்க. அமுக்கி ஊதுறவங்களுக்கு 3சி முதல் வாரத்துல மோசமாத்தான் தெரியும். 7சியோட கூர்மையான விளிம்பு உதட்ட ஒரு இடத்துல பிடிச்சு வச்சுக்கும், கொஞ்சம் அமுக்கினாலே திறப்பு சுருங்கிடும், உதவி பண்ற மாதிரி இருக்கும். 3சில உதடு நகர இடம் இருக்கு, அந்த இடத்த உங்க ஓரத் தசை பிடிச்சு வைக்கலன்னா நோட் தளர்ந்து போகும், ஹை ஏ எல்லாம் காத்து மட்டும் புஸ்ஸுனு போகும். அப்ப நிறைய பேரு 3சி எனக்கு ஒத்து வரலன்னு பெட்டில வச்சிடுறாங்க. ஒத்து வரலங்கிறது கிடையாது, ஓரம் வேலை செய்யலங்கிறத அது காட்டிக் குடுக்குது. ஓரம் வேலை செய்ய ஆரம்பிச்ச அப்புறம் அதே 3சில ரேஞ்ச் பழைய இடத்துக்கே வந்துடும், மேல கூடல, ஆனா அந்த ரேஞ்ச்ல நிலைச்சு நிக்க முடியுது, ஆராதனை முடிவுல டாக்ஸாலஜி ஊதுறப்போ கூட உதடு உயிரோட இருக்குது. இதத்தான் எஃபிஷியன்ட்னு நான் சொல்லுவேன், கம்மி செலவுல அதே நோட்டு.

மாத்துறப்போ எப்படி பழகணும்ங்கிறதுக்கு எங்க மாஸ்டர் சொல்லிக் குடுத்த வழிய எழுதறேன், எனக்கு வேலை செஞ்சது. ரெண்டு மவுத்பீஸையும் மாத்தி மாத்தி ஊதாதீங்க, உதடு குழம்பிடும், பெரிய ப்ரோக்ராம் எதுவும் இல்லாத சமயம் பாத்து மொத்தமா மாறிடுங்க. லெண்ட், அதாவது ஈஸ்டருக்கு முன்னாடி வர்ற தவக்காலம், எங்களுக்கு வசதியா இருக்கும், பேண்டுக்கு வேலை கம்மி. காலைல முதல்ல வெறும் மவுத்பீஸ்ல பஸ் பண்றது, அதாவது உதட்ட மட்டும் துடிக்க விட்டு ஊதறது, மவுத்பீஸ ரெண்டு விரலால தண்டு நுனிகிட்ட லேசா பிடிச்சு, அமுக்கவே முடியாத மாதிரி, ஜில இருந்து மேல கீழ சறுக்கிட்டுப் போங்க, நடுவுல அறுபடாம. அப்புறம் ட்ரம்பெட்ல லாங் டோன், அதாவது ஒரே நோட்ட நீளமா ஊதறது, நடு ஜில ஆரம்பிச்சு ரொம்ப மெதுவா, சன்னமான வால்யூம்ல, சத்தம் எப்ப ஆரம்பிச்சதுன்னு பக்கத்துல இருக்கிறவருக்கு தெரியக்கூடாது, அந்த அளவு மெதுவா. மெதுவா ஊதறதுதான் கஷ்டம், உதடு தானா துடிக்குதா இல்ல காத்த வச்சு அடிச்சு துடிக்க வைக்கிறோமான்னு அங்கதான் தெரியும். அதுக்கப்புறம் லிப் ஸ்லர், அதாவது சத்தம் அறுபடாம உதட்டாலயே நோட் மாத்துறது, வால்வு தொடாம சி ஜி சி ஜி, பிறகு ரெண்டாவது வால்வோட, ஒண்ணாவதோட, அப்படியே ஏழு நீளத்துலயும். மேல போறப்போ ட்ரம்பெட் முகத்தோட ஒட்டி வருதான்னு கவனிங்க, கண்ணாடி முன்னாடி நின்னா இன்னும் நல்லது.

எவ்வளவு நேரம் ஊதுறீங்களோ அவ்வளவு நேரம் ரெஸ்ட். இத யாரும் கேக்க மாட்டேங்கிறாங்க. ஒரு லைன் ஊதுனா ஒரு லைன் நேரம் ட்ரம்பெட்ட கீழ வைங்க, உதட்ட குதிரை கனைக்கிற மாதிரி ஃப்ளாப் பண்ணி தளர்த்துங்க. உதடு வீங்கி இருக்கிறப்போ ப்ராக்டிஸ் பண்றது ப்ராக்டிஸே கிடையாது, அது கெட்ட பழக்கத்த மனப்பாடம் பண்றது. முந்தின நாள் ராத்திரி ரொம்ப ஊதியிருந்தா மறுநாள் காலைல கீழ சில இருந்து ஃப்ரெஷ்ஷா மெதுவா ஆரம்பிங்க, ஹை நோட் அன்னிக்கு வேண்டாம்.

கூட ஒரு சாமான் சொல்லணும், பெர்ப்னு ஒண்ணு இருக்கு, லாஸ் ஏஞ்சலஸ் ஃபில்ஹார்மோனிக்ல ட்ரம்பெட் ஊதுன மாரியோ குவார்னேரி கண்டுபிடிச்சது. சின்ன பிளாஸ்டிக் குழாய், ட்ரம்பெட்ல மவுத்பீஸ் சொருகுற இடத்துக்கு வெளிப்பக்கமா மாட்டி அதுல மவுத்பீஸ வச்சுக்கலாம், அப்ப ட்ரம்பெட்ட வழக்கமா பிடிக்கிற மாதிரியே பிடிச்சு வால்வும் அழுத்திட்டு பஸ் மட்டும் பண்ணலாம். வெறும் மவுத்பீஸ விட இது நல்லது, ஏன்னா கை நிலை மாறாது, கொஞ்சம் எதிர்ப்பும் இருக்கும். ட்யூன் தப்பினா உடனே தெரியும், குழாய் காப்பாத்தாது. காசு இருந்தா வாங்குங்க. வார்பர்டன் கம்பெனியோட பீட்னு இன்னொண்ணு, உதட்டுல வச்சு ஓரத் தசைய பலப்படுத்துறதுக்கு, ஒரு முனைய உதட்டுக்கு உள்ள வச்சு வெளிய இழுத்து பிடிக்கணும். அது நல்லதுதான், ஆனா அதுக்கு முன்னாடி ஒரு பென்சில எடுத்து நுனிய உதட்டால மட்டும் பிடிச்சு, பல்லு படாம, நேரா நிக்க வச்சுப் பாருங்க, ஓரம் எரியுறது அப்பவே தெரியும், செலவு ஒண்ணும் இல்ல. எதுவா இருந்தாலும் அளவா, தசைய ஓவரா வேலை வாங்கிட்டு சாயங்காலம் ப்ராக்டிஸுக்கு போனா உதடு மரக்கட்டையா இருக்கும்.

கன்னம் உப்பலாமான்னு சின்ன பசங்க கேக்குறாங்க, ஜாஸ் ட்ரம்பெட் வாசிச்ச டிஸ்ஸி கில்லெஸ்பி வீடியோவப் பாத்துட்டு. அவரு ரெண்டு கன்னமும் கழுத்தும் உப்பி ஊதினாரு, அதுலயும் அவ்வளவு வேகம், அவ்வளவு ஹை. அவரு மேதை, அவரு உதட்டு நடு அந்த உப்பலுக்குள்ளயும் நிலையா இருந்துச்சு. நமக்கு கன்னம் உப்பினா ஓரத்தோட பிடி போயிடும், அதனால வேண்டாம்.

மவுத்பீஸ் எங்க வைக்கணும்ங்கிறதுல பெரிய சண்டையே நடக்கும், மேல் உதடு பாதி கீழ் உதடு பாதின்னு சிலர், மேல ஒரு பங்கு கீழ ரெண்டு பங்குன்னு சிலர். உங்க பல்லும் தாடையும் சொல்றதுதான் சரி. பல்லு வரிசை ஒரு பக்கம் தூக்கியிருந்தா மவுத்பீஸ் சரியா நடுவுல உக்காராது, கொஞ்சம் ஓரமா உக்காரும், சவுண்டு நல்லா வந்தா அத நகர்த்தாதீங்க. ஒண்ணு மட்டும் கவனிங்க, ரிம்மோட மேல் விளிம்பு மேல் உதட்டோட சிவப்புப் பகுதிக்குள்ள முழுசா இறங்கிடக்கூடாது, அந்த இடம் மென்மை, சீக்கிரம் காயம் ஆகும். பல்லு எவ்வளவு முக்கியம்னா, ஜாஸ் ட்ரம்பெட்காரர் செட் பேக்கர் 1966ல அடி வாங்கி பல்லு போன அப்புறம் பல் செட் கட்டிகிட்டு ஊதறத முதல்ல இருந்து கத்துக்க வேண்டியதாச்சு, வருஷக்கணக்கு ஆச்சு, ஆனா திரும்பி வந்தாரு, அந்த மெல்லிசான சவுண்டோடயே. உதடு திரும்ப கத்துக்கும், பொறுமை இருந்தா.

வாங்குறதப் பத்தி. ஆன்லைன்ல 3சி 5சி 7சி மூணும் சேத்து ஒரு செட்டா சில நூறு ரூபாய்க்கு விக்குது, அது பாக் கிடையாது, நம்பர மட்டும் போட்டு விக்கிறது. அதுல 3சின்னு இருக்கிறதுக்கும் அசல் 3சிக்கும் ரிம் சம்பந்தமே இருக்காது, ஒரு தடவ கையில எடுத்துப் பாத்தப்போ விளிம்புல சின்ன பிசிறு கூட இருந்துச்சு, உதட்டுல வைக்க பயமா இருந்தது. மீரட்ல இருந்து வர்ற பேண்ட் ட்ரம்பெட்டோட கூட வர்ற மவுத்பீஸ்ல எந்த நம்பரும் இருக்காது, சிலது நல்லாவே ஊதும், ஆனா அது தொலைஞ்சா அதே மாதிரி இன்னொண்ணு கிடைக்கிறது கஷ்டம், வின்சென்ட் பாக்குக்கு நடந்ததேதான். அசல் பாக்னா பித்தளை மேல வெள்ளி முலாம், எழுத்து ஆழமா சுத்தமா பொறிச்சிருக்கும், விரல ரிம்ல சுத்தினா எங்கயும் தடுக்காது. சென்னைல இருக்கிறவங்க 1842ல இருந்து இருக்கிற மியூசி மியூசிக்கல் மாதிரி பழைய கடைங்கள்ல ஸ்டாக் இருக்கான்னு கேட்டுப் பாருங்க, கடைல நேர்ல எடுத்து உதட்டுல வச்சுப் பாத்து வாங்குறது எப்பவும் மேல். வெளிநாட்டுல சொந்தக்காரங்க இருந்தா அங்க இருந்து கொண்டு வரச் சொல்றதும் நடக்குது, என்னோடது அப்படி வந்ததுதான்.

வெள்ளி சிலருக்கு உதட்டுல அரிப்பு குடுக்கும், அவங்களுக்கு தங்க முலாம் போட்டது இருக்கு, விலை இன்னும் ஏறும். வெள்ளி முலாம் தேஞ்சு உள்ள பித்தளை தெரிய ஆரம்பிச்சுட்டா அதோட ஊதாதீங்க, மறு முலாம் போடுங்க இல்ல மாத்துங்க. வாரம் ஒரு தடவ வெதுவெதுப்பான தண்ணி, சோப்பு, மவுத்பீஸ் பிரஷ், அவ்வளவுதான் பராமரிப்பு. தொண்டை, அதாவது கப்புக்கு கீழ இருக்கிற அந்த சின்ன ஓட்டை, ஸ்டாண்டர்டா 3.66 மில்லிமீட்டர்தான், அதுல அழுக்கு சேந்தா காத்து அடைக்குதுன்னு நீங்க உதட்ட சந்தேகப்படுவீங்க. ட்ரம்பெட்ல சொருகுறப்போ தட்டாதீங்க, லேசா வச்சு ஒரு திருப்பு போதும். மாட்டிகிட்டா கட்டிங் ப்ளேயர் போட்டு திருகாதீங்க, லீட்பைப், அதாவது மவுத்பீஸ் சொருகுற குழாய், முறுக்கிடும், மவுத்பீஸ உருவி எடுக்கிற புல்லர் வச்சிருக்கிற ஆள்கிட்ட குடுங்க.

குறைன்னு சொல்லணும்னா விலை, நம்ம ஊரு பேண்ட்காரர் ஒரு கல்யாணத்துக்கு வாங்குற கூலிய யோசிச்சா அது சின்ன தொகை இல்ல. இன்னொண்ணு, பாக் மவுத்பீஸ்ல பழசுக்கும் புதுசுக்கும் ஒரே நம்பர்லயே கொஞ்சம் வித்தியாசம் இருக்கும், நண்பரோடத ஊதிப் பாத்து பிடிச்சதுன்னு புதுசு வாங்குனா அதே ஃபீல் அப்படியே வரும்னு எதிர்பாக்க முடியாது. ரொம்ப பிரைட்டா, மேலயே நின்னு ஊதற லீட் வேலைக்கு இது சரியான சாமான் கிடையாது, அதுக்கு கப் மேலோட்டமா இருக்கணும், அது வேற கணக்கு.

இப்பதான் ஆரம்பிச்ச பசங்களுக்கு 7சியோ 11பி4ஓ போதும், மாத்தவே வேண்டாம், ஒரு ஸ்கேல சத்தம் நடுங்காம ஊத வர்ற வரைக்கும் அந்த காச மாஸ்டருக்கு ஃபீஸா குடுங்க. நடு ரேஞ்ச் நல்லா வருது, சவுண்டு மெலிசா இருக்கு, ரிம் கடிக்குதுன்னு நினைக்கிறவங்க 3சி வாங்குங்க. உதடு தடிமனா இருக்கு, 3சிலயும் ரிம் சிவப்புக்குள்ளயே உக்காருதுன்னா 1½சி ஊதிப் பாருங்க, ஆனா அது காத்து கேக்கும். பல்லுக்கு பிரேஸ் கட்டியிருக்கிற பசங்க இருந்தா இப்போதைக்கு எதுவும் வாங்காதீங்க, கம்பி மேல டென்டல் வாக்ஸ் வச்சு கீழ நோட்டுல மெதுவா ஊதட்டும், கம்பி கழட்டுன அன்னிக்கு உதடு நிலையே மாறும், அதுக்கப்புறம் ரெண்டு மூணு மாசம் விட்டு மவுத்பீஸப் பத்தி யோசிக்கலாம்.